அமலராணியின் ஒரு நிமிட மனு

“நான் கால் வச்ச வாசல்லேருந்து கையெழுத்து வாங்காம திரும்பினேன்னு ஒருத்தர் சொல்லட்டும், அன்னைக்கே இந்தப் பதவியை விட்டுடறேன். வீட்டுக்கு ஒரு நிமிஷம். அதுக்கு மேல எனக்குத் தேவைப்பட்டதே இல்லை!”

மாடம்பாக்கத்தில் ஒரு நகரின் நலச்சங்கப் பொங்கல் விழாவில், செயலாளர் திருமதி அமலராணி ஏசுபாதம் அவர்கள் மைக்கின் கரகரப்பையும் மீறி இவ்வாறு முழங்கினார். எதிரே உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் அவருக்குக் கையெழுத்துப் போட்டவர்கள். ஆகவே மறுத்துப் பேச ஆளில்லை.

முழக்கத்தில் மிகை குறைவுதான். முப்பத்தொரு வருடம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எதிராளி ‘ஆனால்’ என்று ஆரம்பிப்பதற்குள் இணைப்பை மாற்றிவிடும் கலை கைவந்தவர். தெருவிளக்கு வந்தது அவர் மனுவால். வேகத்தடை வந்தது அவர் மனுவால். அந்த வேகத்தடையில் ஏறி இறங்கிச் சங்கத் தலைவர் பொன்னுசாமிக்கு இடுப்புப் பிடித்துக்கொண்ட பிறகு அது பெயர்க்கப்பட்டதும் அவர் மனுவால்தான். இரண்டு மனுக்களிலும் அதே நூற்றெண்பது பேர் கையெழுத்திட்டிருந்தார்கள். படித்துப் பார்த்துக் கையெழுத்திடும் கெட்ட பழக்கம் அந்த நகரில் யாருக்கும் கிடையாது.

தொழில் ரகசியம் எளிது. குக்கரில் மூன்றாவது விசில் வரும் நேரம் பார்த்துப் போவார். பரீட்சை அட்டையில் கையெழுத்துத் தாள் மேலே இருக்கும். மனு அடியில் இருக்கும்.

அவர் வீட்டு மாடியில் மகள் ஜோசலினும் சினேகாவும் ஆறு வருடமாகச் சேர்ந்து வாழ்ந்தார்கள். இருவருக்கும் சிறுசேரியில் வேலை. சினேகா யார் என்று விசாரித்தவர்களுக்கு ‘ரூம்மேட்’ என்று அமலராணி சொல்லிவைத்திருந்தார். சொந்த வீட்டு மாடியில் இருக்கிற பெண்ணுக்கு ரூம்மேட் எதற்கு என்று ஒருவரும் கேட்கவில்லை. பதில் தெரிந்த கேள்வியை நம் ஜனங்கள் கேட்டு வீணாக்குவதில்லை.

அந்த இருவருக்கும் ஒரே ஒரு ஆசை: சட்டப்படி கல்யாணம் பதிவு செய்துகொள்ள வேண்டும். 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம், அப்படி ஒரு சட்டம் இயற்றுவது பாராளுமன்றத்தின் வேலை என்று சொல்லிக் கையை விரித்தது. தீர்ப்பு வந்த அன்று மாலை மாடியில் யாரும் சாப்பிடவில்லை என்று தெரிந்து அமலராணி படியேறினார்.

“யாரு செய்யணும்னு சொல்லியிருக்காங்க?”

“பார்லிமென்ட், ஆன்ட்டி,” என்றாள் சினேகா.

“அது எந்த ஆபீசுக்குக் கீழ வருது?”

“எதுக்கும் கீழ வராதும்மா. அதான் உச்சி,” என்றாள் ஜோசலின்.

“எம்.பி.ன்னு ஒருத்தர் இருக்காருல்ல? அவருக்கு ஆபீஸ் இருக்குல்ல? மனு குடுத்தா வாங்கித்தானே ஆகணும். எழுந்து சாப்பிடுங்க ரெண்டு பேரும்.”

பாராளுமன்றமும் அவருக்குக் கொஞ்சம் தள்ளியிருக்கிற மண்டல அலுவலகம்தான்.

நான்கே நாளில் முந்நூற்றுப் பன்னிரண்டு கையெழுத்து. முதல் வரியில் கணவர் ஏசுபாதம். மாதா கோயிலில் பங்குப் பேரவை உறுப்பினரான அவர், பேப்பரிலிருந்து கண்ணை எடுக்காமல் “எங்க போடணும்?” என்று மட்டும் கேட்டார். இரண்டாவது வரியில் பொன்னுசாமி. அந்தப் பெயரைப் பார்த்து ஜோசலினுக்குக் கண் கலங்கிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை காலை சினேகாவையும் அழைத்துக்கொண்டு அவர் வீட்டுக் கேட்டில் போய் நின்றாள்.

“ரொம்ப தேங்க்ஸ் அங்கிள்.”

“எனக்கு எதுக்கும்மா தேங்க்ஸ்? எல்லாம் உங்கம்மா முயற்சி. நாத்தம் போனா எல்லாருக்கும்தானே நல்லது? குழாய் எப்ப பதிக்கிறாங்களாம்?”

ஜோசலின் திரும்பி வந்தபோது அமலராணி இஞ்சி நறுக்கிக்கொண்டிருந்தார்.

“எதுக்குன்னு சொல்லிம்மா கையெழுத்து வாங்கினே?”

“நான் எதுவும் சொல்லலையே. பாதாளச் சாக்கடைக்கான்னு அவங்களே கேட்டாங்க. இல்லைன்னு நான் சொல்லலை. அவ்ளோதான்.”

“ஆறு வருஷம் ரூம்மேட்டுன்னு மறைச்சே, சரின்னு இருந்தோம். இப்ப கொண்டுபோய்ச் சாக்கடைக்கு அடியில மறைச்சிருக்கே.”

“முந்நூத்திப் பன்னிரண்டுடி! சாதாரண நம்பரா அது?”

“அதுல எங்களுக்காகப் போட்டது எத்தனைம்மா?”

முப்பத்தொரு வருட அனுபவத்தில் முதன்முறையாக, மாற்றிவிட அவரிடம் வேறு இணைப்பு இல்லை. இஞ்சியை அப்படியே வைத்துவிட்டு அட்டையை எடுத்தார். ஸ்கேல் வைத்து, ஒவ்வொரு தாளிலும் மூலைக்கு மூலை கோடு போட்டார்.

மறுநாள் புது மனு தயாரானது. அட்டையில் இந்த முறை மனு மேலே இருந்தது. பொருள்: ஒரே பாலினத்தவர் திருமணத்தைச் சட்டமாக்கக் கோருதல். அதற்குக் கீழே, இருவர் சம்மதத்தோடும், ‘என் மகள் ஜோசலினும் அவள் துணை சினேகாவும்’ என்று ஆரம்பித்திருந்தது. முதல் வாசல் சொந்த வீடு. ஏசுபாதத்தின் பேப்பரை மடித்து வைத்துவிட்டு முழுவதையும் உரக்கப் படித்துக் காட்டினார்.

ஏசுபாதம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மகள் விஷயம் அவருக்குத் தெரியாததல்ல. காதால் கேட்டதுதான் முதல் தடவை.

“கோயில்ல கல்யாண அறிவிப்பு ஓலை வாசிப்பாங்களா, ராணி?”

“கோயில் இல்லைங்க, ரிஜிஸ்டர் ஆபீஸ். அங்க ஓலை கிடையாது. நோட்டீஸ் ஒட்டுவாங்க.”

“ஒட்டினா நாலு பேர் வந்து தடை சொல்வாங்களே?”

“சொல்லட்டும், பாத்துக்கலாம். இப்ப நோட்டீஸ் ஒட்டவே சட்டம் இல்லையே.”

ஏசுபாதம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, “எனக்கு டைம் குடு” என்றார்.

“முதல் வரி உங்களோடது. விட்டு வைக்கிறேன்,” என்று சொல்லி, இரண்டாவது வரியிலிருந்து கையெழுத்து வாங்கத் தெருவில் இறங்கினார் அமலராணி.

கோவளத்திலிருந்து மீன் கொண்டுவரும் எல்லம்மா தெருமுனையில் கூடையை இறக்கியிருந்தாள். “இன்னா மேடம், புது மனுவா? படி, கேப்போம்.”

நடுத்தெருவில் நின்று படித்தார்.

“அட, மாடி வூட்டுப் பொண்ணுங்களுக்கா? அத்த எழுதி வேற படிக்கணுமா? வஞ்சிரம் வாங்க வந்தா பெரிய துண்டு உனக்கு, உனக்குன்னு சண்ட போட்டுகினு நிக்குதுங்க. புருசன் பொண்டாட்டி யாரு அப்டி கீறாங்க? குடு பேனாவ.”

“உன் ஓட்டு வேற தொகுதியாச்சே எல்லம்மா.”

“மீனு மட்டும் இந்தத் தொகுதில துன்னலாமா? குடு மேடம், போடறேன்.”

பொன்னுசாமி வீட்டில் இவ்வளவு சுலபமாக இல்லை. “இதுக்கா நான் கையெழுத்துப் போட்டேன்?” என்று எகிறினார்.

“இல்ல சார். அதை அடிச்சிட்டேன். இதுக்கு இப்பதான் கேக்கறேன்.”

“இதெல்லாம் நம்ம கலாச்சாரமாம்மா?”

“அதை உள்ள உக்காந்து பேசலாமே. காபி இருக்கா?”

ஒன்றேகால் மணி நேரம் பேசினார்கள். கையெழுத்து விழவில்லை. ஆனால் அமலராணி தோற்றதாக ஒப்புக்கொள்ளவில்லை. மனு இன்னும் கொடுக்கப்படவில்லை, எனவே எந்த வாசலிலிருந்தும் தான் திரும்பிவிடவில்லை, எல்லாம் நிலுவையில் இருக்கிறது என்பது அவர் சட்ட விளக்கம். ஐந்தாவது முறை போனபோது, பொன்னுசாமியின் மனைவி தனம் காபி டம்ளரை வைத்துவிட்டுப் பேனாவை எடுத்தார்.

“தனம்!”

“கை என்னோடதுதானே? நீங்க குழாய் எப்ப வருதுன்னு பாத்துட்டு இருங்க.”

சிலர் கதவைச் சாத்தினார்கள். ஒருவர் சங்கத்திலிருந்தே விலகினார். “முதல் வரி ஏன் காலி? சார் போடலையா?” என்று கேட்காத வீடு இல்லை. “அவர் இன்னும் படிச்சிட்டிருக்காரு. நீங்களும் படிச்சிட்டுப் போடுங்க” என்று எல்லோருக்கும் ஒரே பதில். இரண்டு மாதத்தில் நாற்பத்து மூன்று கையெழுத்து. நாற்பத்து மூன்றும் எதற்கென்று தெரிந்து போட்டவை.

எம்.பி. அலுவலகத்துக்குப் போகும் திங்கட்கிழமை வந்தது. கொண்டுபோய் விடுவதற்காக ஏசுபாதம் வழக்கமில்லாத உற்சாகத்தோடு ஸ்கூட்டரைத் துடைத்து நிறுத்தியிருந்தார். மாடிப்படியில் ஜோசலினும் சினேகாவும் இறங்கி வந்துகொண்டிருந்தார்கள். கூடத்தில் மேஜைமேல் அட்டை இருந்தது. அதன் பக்கத்தில் பேனா.

“நாளைக்குக் குடுக்கக் கூடாதா ராணி?”

“இன்னைக்குக் குடுக்கறேன்னு நாற்பத்து மூணு பேர்கிட்ட சொல்லியிருக்கேங்க.”

ஏசுபாதம் தாளைப் பார்த்தார். கை பேனாவுக்குப் போய், மூடியைத் தடவிக்கொண்டு நின்றது. ‘இங்க’ என்று ஒரு சொல் சொன்னால் போதும், முப்பது வருடப் பழக்கத்தில் அந்தக் கை தானாகக் கையெழுத்துப் போட்டுவிடும் என்று அமலராணிக்குத் தெரியும். ஒரு நிமிடம்கூட ஆகாது.

அவர் அந்தச் சொல்லைச் சொல்லவில்லை. பேனாவை மெதுவாக வாங்கி, கைப்பையில் போட்டு ஜிப்பை இழுத்தார்.

“உங்களுக்கா எப்பத் தோணுதோ, அப்பப் போடுங்க. வண்டிய எடுங்க.”

முதல் வரி காலியாக இருந்த மனுவோடு வாசற்படி இறங்கினார்.