அக்கா கொண்டுவந்த கல்யாணப் பாட்டு

குசினியில், சாப்பாட்டு மேசையடியில் அம்மா. பக்கத்தில் என் மனைவி. பிறகு நான். எதிரே, டென்மார்க்கில் ஒடென்சே நகரத்துச் சலவைத் தொழிற்சாலையில் என்னோடு வேலை செய்த இந்தோனேசிய அக்கா. நடுவில் அவருடைய லாப்டாப். சுவரில், மாலை போட்ட தம்பியின் படம்.

இலங்கையில் சண்டை முடிந்த வருடம் அது. மே மாதத்துக்குப் பிறகு தம்பியிடமிருந்து செய்தி இல்லை. வன்னியில் அவன் செத்துக் கிடந்ததைக் கண்டதாக ஒருவர் போனில் சொன்னார். நம்பினோம். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி செய்து, ஆட்களைக் கூப்பிட்டுச் சோறும் கொடுத்தோம். அம்மா அழவில்லை. கதைப்பதைத்தான் குறைத்துக்கொண்டார்.

அக்காவின் கடற்கரை ஊரில் எங்கள் ஆட்கள் தப்பி வந்த படகு ஒன்று ஒதுங்கியிருந்ததாம். ஊர்ச்சனம்தான் சாப்பாடு கொடுத்ததாம். அங்கே நடந்த கல்யாணமொன்றை யாரோ போனில் பிடித்து இணையத்தில் போட்டிருந்தார்கள். அதில் உங்கள் ஆட்களும் நிற்கிறார்கள் என்று காட்டத்தான் அக்கா வந்தார்.

மேடையில் மினுங்கும் குட்டைச் சட்டையோடு ஒரு பெண் பாடினாள். தங்துத் என்பார்கள் அந்தப் பாட்டை. மேளம் எங்கள் படப்பாட்டு மாதிரியே இருந்தது. சனம் மேடையில் ஏறி ஆடி, பாடுகிறவளின் கையில் காசுத்தாள் கொடுத்தது. அங்கே அது வழக்கம்.

"பாட்டு நல்லாத்தான் இருக்கு. பிள்ளைக்குத்தான் உடுப்புக் காணாது," என்றார் அம்மா.

"நீங்கள் உடுப்பையோ பாக்கிறியள், மாமி?" மனைவி சிரித்தாள். அந்த வீட்டில் கனநாள் கேட்காத சிரிப்பு.

அப்போது, பிளாஸ்டிக் கதிரைகளை அடுக்கிக்கொண்டிருந்த ஒருவனை நாலு பேர் பிடித்து மேடையில் ஏற்றினார்கள். கையில் ஒரு காசுத்தாளைத் திணித்தார்கள். அவன் வெட்கப்பட்டு, இடக்கையால் வாயைப் பொத்திச் சிரித்தான். சின்ன வயதில் முன்பல் உடைந்த நாளிலிருந்து தம்பி அப்படித்தான் சிரிப்பான்.

அக்காவுக்கு ஒன்றும் விளங்கவில்லை.

"நிப்பாட்டு," என்றார் அம்மா. எழும்பி வந்து திரையில் விரலை வைத்தார்.

"அம்மா, தம்பியோ?"

"ஓம்." பிறகு கேட்டார்: "ஆரின்ரை சேட்டைப் போட்டிருக்கிறான்? இவ்வளவு பெருசா?"

செத்தவனுக்கு என்ன செய்வதென்று எங்களுக்குத் தெரியும். செத்தவன் சிரித்தால் என்ன செய்வதென்று ஒருவரும் சொல்லித்தரவில்லை. மாலையைக் கழற்ற வேண்டும். அம்மாதான் கதிரையில் ஏறிக் கழற்றினார்.

அக்கா தன் ஊருக்குப் போன் எடுத்தார். நாளைக்கு அவனைத் தேடிப்பிடித்துக் கதைக்க வைப்பதாகச் சொன்னார்கள். லாப்டாப்பை எங்களிடமே விட்டுவிட்டுப் போனார். எதை அமத்தினால் பாட்டு முதலிலிருந்து வரும் என்று அம்மா கேட்டுப் பழகிக்கொண்டார்.

வீடியோவின் கீழே, அதை எத்தனை தரம் பார்த்திருக்கிறார்கள் என்று காட்டும். அக்கா எங்களுக்குப் போட்டுக் காட்டியபோது பதினாறு. காலையில் நான் வேலைக்கு இறங்கும்போது நூற்றுப் பன்னிரண்டு.