அன்னூர் பால்கனியின் கம்பி நீளம்

தொண்ணூறுகளின் நடுவில், கோவையில் ஒரு கட்டட வடிவமைப்பு அலுவலகத்தில் நான் வேலைக்குச் சேர்ந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. ஒரு காலை, சிங்காநல்லூர்ப் பட்டறை ஒன்றுக்குக் கணக்குப் போடும்போது, கான்கிரீட் விதிப் புத்தகத்தில் கம்பி எவ்வளவு நீளம் பதிய வேண்டும் என்ற பக்கத்தைப் புரட்டினேன். அன்னூர் வீடு நினைவுக்கு வந்தது.

அந்த வீட்டின் பால்கனிக்கு நான்தான் வரைபடம் போட்டிருந்தேன். நாலடி வெளியே நீளும். கீழே தூண் கிடையாது. மேல்புறக் கம்பிகள் வீட்டுக்குள் இருக்கும் தளத்திலும் போதுமான தூரம் ஓடினால்தான் அதற்குப் பிடிப்பு. கம்பியின் தடிமன், இடைவெளி எல்லாவற்றையும் விதிப்படி பார்த்தவள், உள்ளே ஓடும் நீளத்தை மட்டும் கணக்குப் போடாமல் ஒன்றரை அடி என்று எழுதியிருந்தேன். இரண்டேகால் அடியாவது வேண்டும். அன்றைக்குத்தான் அங்கே கான்கிரீட் போடும் நாள்.

வேலை நடக்கும் இடத்தில் போன் இல்லை. முதலாளியிடம் ஒப்புக்கொண்டேன். அவர் திட்டவில்லை, உடனே கிளம்பச் சொன்னார். பஸ்ஸில் வழி நெடுக அந்தப் பால்கனி விழுந்துகொண்டே இருந்தது.

நான் போனபோது கலவை மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. பின்பக்கம் பாதித் தளம் போட்டாகிவிட்டது. பால்கனிப் பக்கம் இன்னும் வரவில்லை. டேப்பை வாங்கி, கம்பி உள்ளே ஓடும் நீளத்தை அளந்தேன். மூன்றடி. அடுத்ததும் மூன்றடி. கம்பி கட்டுகிறவரைக் கேட்டேன். என் வயதுதான் இருக்கும் அவருக்கு.

"வெட்டுனா துண்டு வீணாப் போகுமுங்க மேடம். அதான் முழுசா உட்டுப்போட்டேன். தப்புங்களா?"

"தப்பு என்னுதுங்க," என்றேன்.

ஓரத்தில் ஐந்து கம்பிகள் மட்டும் வரைபடத்தில் உள்ளபடி ஒன்றரை அடியில் நின்றன. மெஷினை நிறுத்தச் சொன்னேன். அவர் முகம் சுளிக்காமல் ஐந்தையும் அவிழ்த்து, நீளக் கம்பிகளாக மாற்றிக் கட்டினார்.

வேலை ஏன் நின்றது என்று வீட்டுக்கார அம்மா மேலே ஏறி வந்தார். மறைக்காமல் சொன்னேன். அவர் கீழே குரல் கொடுத்து மோர் கொண்டுவரச் சொன்னார்.

"ஊத்தறதுக்கு முன்னாலயே வந்துட்டீங்கல்ல அம்மணி, அது போதும். மொதல்ல மோரைக் குடிங்க."

பால்கனியில் கடைசிச் சட்டிக் கான்கிரீட் விழும்வரை அங்கேயே நின்றேன். திரும்பும் பஸ்ஸில் அப்படியொரு தூக்கம். இறங்க வேண்டிய இடம் தாண்டி நாலு ஸ்டாப் போனபிறகு கண்டக்டர்தான் எழுப்பிவிட்டார்.