முந்தானையில் வாங்கிய பணம்

மூன்று வருடங்களுக்கு முன்னால், ஆடித்தபசுத் திருவிழாக் கூட்டமெல்லாம் கலைந்த அடுத்த வாரம், சங்கரன்கோவிலில் எங்கள் விசைத்தறிக் கூடத்தில் வேலை பார்த்த ஒருவருக்கு விபத்து நடந்தது. ஓடும் தறியில் நூல் சிக்கை எடுக்கப் போய், பல்சக்கரத்தில் வலது கை மாட்டிக்கொண்டது. இரண்டு விரல்கள் போய்விட்டன. தறியை நிறுத்திவிட்டு எடுங்கள் என்று நானும் தினம் தொண்டை கிழியக் கத்துவேன்தான். தறி நின்றால் கூலி நிற்கும் என்பதால் யாரும் கேட்க மாட்டார்கள்.

ஆஸ்பத்திரிச் செலவை நாங்கள் பார்த்துக்கொண்டோம். பிறகு தெருப் பெரியவர் ஒருவர் நடுவில் உட்கார்ந்து பேசி, நஷ்டஈடாக ஒரு தொகை முடிவானது. நகையை அடகு வைத்துப் பணத்தைப் புரட்டிக்கொண்டு, நானும் வீட்டுக்காரரும் கரிவலம்வந்தநல்லூரில் இருந்த அவர் வீட்டுக்குப் போனோம். தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கோடு வைத்து நீட்டினேன். அவருக்கு வலது கை முழுக்கக் கட்டு. எங்கள் பக்கம் இடது கையால் யாரும் பணம் வாங்க மாட்டார்கள். அவர் தன் மனைவியைப் பார்த்தார். அந்தப் பெண் முந்தானையை ஏந்தி வாங்கிக்கொண்டாள்.

பணம் வாங்கியதற்கு ஒரு தாளில் அவர் விரல் ரேகையை வாங்கிக்கொள்ளலாமே என்று வீட்டுக்காரர் என் காதைக் கடித்தார். நான் முறைத்த முறைப்பில் தாள் அவர் பையிலேயே தங்கிவிட்டது. விரல்களைப் பறிகொடுத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறவரிடம் ரேகை கேட்க எந்த முகத்தோடு வாயைத் திறப்பது?

ஒரு வருடம் போலக் கழித்து நோட்டீஸ் வந்தது. நஷ்டஈடாகச் சல்லிக்காசுகூடத் தரவில்லை என்று அவர் பெயரில் திருநெல்வேலி தொழிலாளர் அலுவலகத்தில் வழக்கு. அவருடைய மச்சினன் வக்கீலைப் பிடித்துப் போட வைத்தது என்று பிறகுதான் தெரிந்தது. நோட்டீஸ் வந்த அன்றைக்கு அந்தத் தொழிலாளி என் எதிரில் வந்திருந்தால் என் வாயிலிருந்து என்னவெல்லாம் வந்திருக்குமோ, அவ்வளவு கோபம் எனக்கு.

எங்கள் வக்கீல் எடுத்த எடுப்பில் ரசீது கேட்டார். இல்லை. பேங்க் வழியாகக் கொடுத்தீர்களா என்றார். அதுவும் இல்லை. பேசி முடித்ததை எழுதி அலுவலகத்தில் பதிந்தீர்களா என்றார். அப்படி ஒன்று உண்டு என்பதே எங்களுக்குத் தெரியாது. பேசி முடித்த பெரியவரும் அதற்குள் தவறிவிட்டார். கொடுத்ததை நிரூபிக்க வழியில்லை என்றால் முழுசாக மறுபடியும் கட்ட வேண்டியதுதான் என்று வக்கீல் கையை விரித்துவிட்டார். கட்டுவதென்றால் தறிகளை விற்க வேண்டும். அதை விட்டால் எங்களுக்கு வேறு பிழைப்பு கிடையாது.

விசாரணை அன்று அந்தத் தொழிலாளியின் வக்கீல் அவரிடம் சுற்றி வளைக்கவில்லை. "இவங்ககிட்ட நீங்க பணம் ஏதும் வாங்குனீங்களா?" என்று மட்டும் கேட்டார். இல்லை என்று அவர் சொன்னால் அதைப் பொய் என்றுகூடச் சொல்ல முடியாது.

"நான் வாங்கல சார்" என்றார். வக்கீல் திருப்தியாக உட்காரப் போனார். இவர் நிறுத்தவில்லை. "கையில கட்டுப் போட்டிருந்துச்சு. இடது கையில வாங்கக் கூடாதுன்னு எம் பொண்டாட்டி முந்தானையில வாங்குனா. பேசுன துட்ட இந்த யக்கா முழுசாக் குடுத்துட்டாவ."

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். இப்படிச் சொன்னால் வரவேண்டியதில் அந்தத் தொகை கழிந்துவிடும், புரிந்துதான் சொல்கிறீர்களா என்று நிதானமாகக் கேட்டார்.

"புரியுது சார். அந்தத் துட்டுலதான் எங்க வீட்டுல ஒல கொதிச்சுது. தின்னுட்டுத் திங்கலன்னு எப்படிச் சொல்லுதது?"

எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. தபசுக்காட்சி அன்று அத்தனை கூட்டத்தில் இடிபட்டு நின்று சாமியைப் பார்க்கும்போது வருமே, அதே சிலிர்ப்பு, ஃபைல் அடுக்கிய அந்த அறையில் வந்தது. அவர் ஒன்றும் வசதியானவர் இல்லை. தறி ஓட்ட முடியாமல் கிடைத்த கூலி வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார். பின்னால் உட்கார்ந்திருந்த அவர் மனைவியைத் திரும்பிப் பார்த்தேன். வேறு என்ன சொல்வார் என்பதுபோல் அவள் பாட்டுக்கு உட்கார்ந்திருந்தாள்.

சட்டக் கணக்குப்படி நாங்கள் கொடுத்ததற்கு மேல் இன்னும் கொஞ்சம் தர வேண்டியிருந்தது. அது நியாயம்தான், அலுவலகம் வழியாகவே கட்டினோம்.

விசாரணை அன்றைக்குக் கூட வந்திருந்த அவர் மச்சினன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு முன்னாலேயே போய்விட்டார். நாங்கள் நாலு பேரும் ஒரே பஸ்ஸில் திரும்பினோம். எப்படி நன்றி சொல்வதென்று நான் வார்த்தை தேடிக்கொண்டிருக்க, முன் சீட்டில் இருந்த அவர் மானூர் வருவதற்குள் தூங்கிப்போனார். அந்தத் தலையையே பார்த்துக்கொண்டு ஊர் வரை வந்தேன்.

இப்போது எதைக் கொடுத்தாலும் பேங்க் வழிதான், வேலை பார்க்கிற எல்லோருக்கும் இன்சூரன்ஸும் போட்டாயிற்று. ஆனாலும் காலையில் கூடத்தைத் திறந்து தறிகள் ஓடத் தொடங்கும்போது, அந்த மனுஷன் "வாங்கல" என்பதோடு நிறுத்தியிருந்தால் இந்தச் சத்தம் இன்றைக்கு இருந்திருக்காது என்ற நினைப்பில் ஒரு நிமிடம் அப்படியே நின்றுவிடுகிறேன்.