சிந்தூரம் பூசிய எண்

பிலட் சஹனி மீன் பிடிக்கிற சாதியில் பிறந்து மீனைத் தொடாதவன். கழுத்தில் துளசிமணி கட்டியவன், வெங்காயம்கூடச் சாப்பிட மாட்டான். அவன்மேல் சாராயக் கேஸ். சிரிக்கிறவர்கள் சிரித்துக்கொள்ளட்டும். கோர்ட் வாசல் அரசமரத்தடியில் உட்கார்ந்து அவன் மனுவை டைப் அடித்த முன்ஷி, அதாவது குமாஸ்தா, நான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பூடி கண்டக் ஆற்றில் ஓட்டிக்கொண்டிருந்த படகை விற்றுத்தான் ஆள் ஏற்றும் மூன்று சக்கர டெம்போ ஒன்றை வாங்கினான். ஒரு நாள் காலை சந்தைக்குப் போகும் வழியில் ஒருவன் காலிபிளவர் மூட்டையோடு ஏறினான். சோதனைச் சாவடியைக் கண்டதும் குதித்துச் சோளக்காட்டுக்குள் ஓடிவிட்டான். காலிபிளவருக்கு அடியில் பாட்டில்கள். ஓடியவன் ஓடிவிட்டான், உட்கார்ந்திருந்தவன் மாட்டிக்கொண்டான். பீகாரில் மதுவிலக்கு வந்த பிறகு நான் டைப் அடித்த மனுக்களில் பாதி இந்தக் கதைதான்.

நாற்பது நாள் கழித்து ஜாமீனில் வந்தவன், பெண்டாட்டி ரம்பதியைப் பார்க்கக்கூடப் போகாமல் நேரே என்னிடம் வந்தான்.

"முன்ஷிஜி, என் வண்டி பத்திரமா இருக்குமா?"

"போலீஸ் ஸ்டேஷனுக்குள்ள நிக்குது. அதைவிடப் பத்திரமான இடம் எதுடா?" என்றேன். என் வாயில் மண் விழ.

மது வழக்கில் பிடித்த வண்டியைக் கீழ்க்கோர்ட் விடாது. பறிமுதல் வழக்கு கலெக்டர் ஆபீஸில் நடக்கும். அங்கே தேதிக்கு மேல் தேதி. பிலட் வாடகை ரிக்‌ஷா மிதித்துக்கொண்டு காத்திருந்தான்.

செப்டம்பர் பதினேழு, விஷ்வகர்மா பூஜை. எங்கள் பக்கம் அன்றைக்கு ஒரு வண்டியும் ஓடாது. கழுவி, மாலை போட்டு, கும்பிடுவார்கள். பிலட் மாலையும் லட்டுவும் எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கே போய்விட்டான். துணைக்கு நானும் போனேன்.

"ஏண்டா, உன் டெம்போ என்ன புகுந்த வீட்டுக்குப் போன பொண்ணா? சீர் கொண்டு வந்திருக்க!" என்றார் ஸ்டேஷன் பொறுப்பிலிருந்த தரோகா. லட்டுவை வாங்கிக்கொண்டு உள்ளே விட்டார்.

மற்றவர்கள் கண்ணாடியில் பொட்டு வைப்பார்கள். பிலட் சீட்டைத் தூக்கி, அடியில் இரும்புச் சட்டத்தில் வெட்டியிருந்த சேசிஸ் எண்மேல் கடுகெண்ணெயில் குழைத்த சிந்தூரத்தை அப்பினான்.

"அங்க ஏண்டா?"

"நம்பர் பிளேட்டு சர்க்கார் குடுத்தது முன்ஷிஜி. இதுதான் அது பொறந்தப்ப வச்ச பேரு. சாமி அதை அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட வேணாமா?"

மூன்று வருஷம் இப்படியே போய்ப் பூசினான். ஒவ்வொரு வருஷமும் வண்டியில் ஏதோ ஒன்று குறைந்திருந்தது. "வந்ததும் மாட்டிக்கலாம்" என்பான்.

நாலாம் வருஷம் பட்னா பெரிய கோர்ட்டில் உத்தரவு கிடைத்தது. சேசிஸ் எண்ணைச் சரிபார்த்து, பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டு வண்டியை விடு என்று. ரம்பதி தெருவுக்கே வெல்லம் கொடுத்தாள்.

வண்டியை எடுக்கப் போன அன்று ஸ்டேஷனில் இன்னும் இரண்டு பேர் அதே மாதிரி உத்தரவோடு நின்றார்கள். அவர்களுடைய பைக்குகளில் எண் இருந்த இடத்தைத் துரு தின்றிருந்தது. எண் தெரியாமல் விட முடியாது என்று திருப்பி அனுப்பினார்கள். பிலட்டின் முறை வந்தது. கான்ஸ்டபிள் காய்ந்த சிந்தூரத்தைத் துணியால் துடைத்தார். அடியில் எண், நேற்று வெட்டியது மாதிரி பளிச்சென்று இருந்தது.

"பாத்தீங்களா முன்ஷிஜி, விஷ்வகர்மா பாபா காப்பாத்திட்டாரு!" பிலட் அழுதேவிட்டான்.

அப்புறம்தான் நிமிர்ந்து முழுசாகப் பார்த்தான். எஞ்சின் இல்லை. சக்கரம், பேட்டரி, விளக்கு எதுவும் இல்லை. தரை ஓட்டை வழியாக ஆமணக்குச் செடி வளர்ந்து கூரையை முட்டிக்கொண்டு நின்றது.

"எஞ்சின் எங்க தரோகாஜி?" என்று நான்தான் கேட்டேன்.

"பிடிச்சப்ப போட்ட பட்டியல்ல 'ஒரு டெம்போ'ன்னுதான் இருக்கு. எஞ்சின்னு தனியா இருக்கா? நம்பர் சரியா இருக்குல்ல, கையெழுத்துப் போடச் சொல்லு."

நான் மேலும் பேச வாயெடுத்தேன். பிலட் என் கையைப் பிடித்தான். "விட்டுடுங்க முன்ஷிஜி. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடறேன்." செடியை வெட்டி, தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு போனான்.

பத்திரத்தில் மூன்று நிபந்தனைகள். கேஸ் முடியும்வரை விற்கக் கூடாது, மாற்றக் கூடாது, கூப்பிட்டபோது கோர்ட்டில் காட்ட வேண்டும். ஆயிரம் தடவை நானே டைப் அடித்த வரிகள்தான். ஒரு தடவையும் யோசித்ததில்லை. வேறு எஞ்சின் மாட்டினால் மாற்றியதாகும். காயலான் கடையில் போட்டால் ஜெயில். கேஸ் இன்னும் முடியவில்லை. போன வருஷம் இரண்டு முறை கூப்பிட்டார்கள். இரண்டு முறையும் அந்தக் கூட்டைத் தள்ளுவண்டியில் கட்டி ஏழு மைல் இழுத்து வந்தான். ஒரு முறை ஜட்ஜ் லீவு. இன்னொரு முறை வக்கீல்கள் ஸ்டிரைக். பைக்கில் எண் அழிந்துபோன அந்த இரண்டு பேரை யாரும் கூப்பிடுவதில்லை.

இந்த செப்டம்பர் பதினேழாம் தேதி என் மேஜைக்கு எதிரே வந்து உட்கார்ந்தான். ஊரெல்லாம் மாலை போட்ட வண்டிகள். அவன் கையில் லட்டு இல்லை.

"என்னடா, இன்னிக்குப் பூசலையா?"

"இல்ல முன்ஷிஜி. காலையில வெந்நீரும் சவுக்காரமும் போட்டு, நம்பர் மேல இருந்த எண்ணெயையும் கழுவிட்டேன்." தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தான். "மேல மூடியிருந்த சாக்கையும் எடுத்துட்டேன். மழையில நனையட்டும்."