செங்கோடன் மாமாவின் மண்டைக்குள் மூன்று உறை

மூளைக்கு மூன்று உறை போட்டுக்கொண்டு பிறந்த ஒரே மனிதர், காசியிலிருந்து கன்னியாகுமரி வரை சல்லடை போட்டுத் தேடினாலும், எங்கள் கரடியூர் செங்கோடன் மாமாதான். உறை எல்லோருக்கும் உண்டு என்று சேலத்து டாக்டர் சொல்லித் தொலைத்தார். இருக்கட்டும். மாமாவுடையதைத்தான் படம் பிடித்துச் சுவரில் வெளிச்சம் போட்டுக் காட்டினார்கள்.

மாமா காப்பி எஸ்டேட்டில் நிழல் மரங்களில் ஏறிக் கிளை கழிப்பவர். சித்திரையில் சில்வர் ஓக் மரத்திலிருந்து சறுக்கி விழுந்தார். ஒரு புடைப்புக்கூட இல்லை. வெற்றிலை போட்டுக்கொண்டு மறுபடி ஏறிவிட்டார். வைகாசியில் தலைவலி வந்தது; பிறகு நடை கோணியது, பேச்சு குழறியது. எங்கள் ஊரில் அதற்குப் பேர் தண்ணி. போதை இறங்கட்டும் என்று அத்தாயி அத்தை அவர் உச்சந்தலையில் எலுமிச்சம்பழத்தைத் தேய்த்துத் தள்ளினார்.

நான் மாமாவின் வாயை மோந்து பார்த்தேன். "அத்தை, வெத்தல வாசந்தானுங்க வருது!"

ஏற்காட்டு டாக்டர் கண்ணில் டார்ச் அடித்தார். "உடனே சேலம் போங்க. தூங்க விடாம பேச்சுக் குடுத்துட்டே போங்க."

ஜீப்பில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. வளைவுக்கு வளைவு மாமா கண் சொருகினார்.

"மாமோய், உங்க கிடாய வித்துப்போட்டனுங்க!"

"எந்தக் கிடா?"

"சும்மா சொன்னனுங்க. தூங்காதீங்க."

அடிவாரம் வந்தபோது கிள்ளினாலும் பதில் இல்லை. அத்தை முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டார்.

சேலத்து டாக்டர் படத்தைக் காட்டி விளக்கினார். வெளியுறை தார்ப்பாய் மாதிரி தடிப்பாக, மண்டை ஓட்டை ஒட்டிக் கிடக்குமாம். நடுவுறை சிலந்தி வலை மாதிரி. உள்ளுறை மூளையின் மடிப்பு மடிப்பாக ஒட்டியிருக்குமாம். காப்பிக் கொட்டையின் வெள்ளித்தோல் என்று நானாக நினைத்துக்கொண்டேன். விழுந்த அதிர்ச்சியில் சின்ன ரத்தக்குழாய் ஒன்று கிழிந்து, வெளியுறைக்கும் நடுவுறைக்கும் இடையே ரத்தம் சொட்டிச் சொட்டித் தேங்கி, மூளையை நெருக்கிவிட்டது. மண்டையில் துளை போட்டு அதை இறக்க வேண்டும். பிழைப்பாரா என்று அத்தை கேட்டார். "பாக்கலாங்க" என்று டாக்டர் உள்ளே போனார். நான் கோட்டை மாரியாத்தா கோயிலுக்கு ஓடினேன்.

மறுநாள் மத்தியானம் மாமா கண் திறந்தார், மொட்டைத் தலையில் கட்டுடன்.

"நொம்பப் பயந்துட்டியா சாமி?"

"நானா? சினிமா பாக்க வந்தனுங்க."

"சேலத்து வெயில்ல எதுக்கு மங்கி குல்லா?"

"சளிங்க."

"குனி."

குனிந்தேன். குல்லாவைப் பிடுங்கிவிட்டார்.

"எனக்கு டாக்டரு செரைச்சுவிட்டாரு. உனக்கு ஆரு கண்ணு, கோட்டை மாரியாத்தாளா?"