ரூட் பண்ணித் தரவா, அண்ணி?

ஜார்ஜ்டவுனில் மோட்டார் சைக்கிளில் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுப்பவள் நான். வெயிலைக்கூடப் பொறுத்துக்கொள்வேன், இந்த ஒருவழிப் பாதைகளைப் பொறுக்க முடியாது. கடை கண்ணெதிரே இருக்கும். போய்ச் சேர ஊரையே சுற்ற வேண்டும். டத்தோ கிராமாட் பகுதியில் இருக்கும் எங்கள் வீட்டில் ஒருநாள் இதைச் சொல்லிப் புலம்பிக்கொண்டிருந்தேன். முதுகு வலியால் என் கணவர் வேலையை விட்ட பிறகு, வீடே என் டெலிவரி ஆப்பை நம்பித்தான் ஓடியது.

என் கொழுந்தன் எங்களோடு இருப்பவன், ஃபோனை நோண்டுவதில் மன்னன்.

"அண்ணி, ஃபோன ரூட் பண்ணித் தரவா? அப்புறம் ஈஸிலா," என்றான்.

"பண்ணு தம்பி. ஒன்வே எல்லாம் பாத்துப் பண்ணு," என்றேன்.

அவன் சிரித்தான். நான் ஜோக் அடிப்பதாக நினைத்திருப்பான். நான் கேட்டது போகிற வழியை. அவன் செய்தது, ஃபோன் கம்பெனி போட்டிருந்த பூட்டை உடைத்து அதன் அடிவேர் வரை கைவைக்கும் வேலை. அதோடு விட்டானா? டெலிவரி ஆப்பையும் மாற்றி, நான் எங்கே நின்றாலும் கடை வாசலில் நிற்பதாகக் காட்டும்படி செய்துவிட்டான். ஆர்டர்கள் கொட்டின. நல்ல ரூட் போட்டுக் கொடுத்திருக்கிறான் என்று பூரித்துப்போய் அவனுக்கு மீன் கறி வைத்தேன்.

மறுவாரம் டெலிவரி ஆப் என்னை வெளியே தள்ளிப் பூட்டிக்கொண்டது. இந்த ஃபோனில் பாதுகாப்பு இல்லை என்று பேங்க் ஆப்பும் திறக்க மறுத்தது. பிழைப்பு கைக்குள்ளேயே இருக்கிறது, உள்ளே போகத்தான் வழியில்லை. ரூட்டுக்கு இன்னோர் அர்த்தம் உண்டென்று கொழுந்தன் விளக்கியபோதுதான் தெரிந்தது. சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி! ஒரே வீடு, ஒரே சாப்பாட்டு மேசை, எங்கே போய்க் கத்துவது?

அவன் பேயறைந்த முகத்தோடு எல்லாவற்றையும் அழித்து, கம்பெனியின் மென்பொருளையே மறுபடி ஏற்றினான். பேங்க் ஆப் திறந்தது. டெலிவரி கணக்கு திறக்கவில்லை. மோட்டார் சைக்கிளுக்கென்றே வழி காட்டும் வசதி மேப் ஆப்பின் செட்டிங்கில் முன்பே இருந்ததாம். ஒரு தட்டு தட்டியிருந்தால் போதும், எதையும் உடைத்திருக்க வேண்டாம்.

ஃபெரி ஏறி, அக்கரையில் பட்டர்வொர்த்தில் இருந்த டெலிவரி கம்பெனியின் அலுவலகத்துக்குப் போனேன். மேசைக்குப் பின்னால் ஒரு மலாய்க்கார இளைஞர். எனக்கு ஆங்கிலம் அவ்வளவாக வராது, மலாயிலேயே விளக்கினேன். நான் கேட்டது லாலுவான், வழி; அவன் செய்தது ஆக்கார், வேர். எங்கள் வீட்டுப் பேச்சில் இரண்டும் ரூட்தான். மலாயில் சொன்னதும், எந்த முட்டாளும் குழப்பிக்கொள்ள முடியாத இரண்டு சொற்களாகிவிட்டன. என் காதுக்கே பொய் போலக் கேட்டது.

அவர் பொறுமையாகத்தான் கேட்டார். "அக்கா, செய்யட்டுமான்னு அவர் உங்கள கேட்டாரா?"

"கேட்டான்."

"நீங்க சரின்னு சொன்னீங்களா?"

"சொன்னேன்."

நான் சரி சொன்னதை மட்டும் கணினியில் தட்டிக்கொண்டார்.