அட்டைப்பெட்டிக்குள் போன மிர்

சத்வாவில், வளைகுடாவுக்கு வேலைக்கு வந்தவர்கள் சேர்ந்து தங்கும் எங்கள் ரூமில் ஒரு வழக்கம் உண்டு. யார் லீவில் ஊருக்குப் போகிறாரோ, அவர் கட்டிலின் காலடியில் மற்றவர்கள் சாமான்களைக் கொண்டுவந்து வைப்பார்கள். தைலம், சோப்பு, பேரீச்சம்பழம். அங்கே வைத்தால் அது ஊருக்குப் போகும். யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். இதெல்லாம் தெரிந்திருந்தும் என் விண்வெளி நிலையத்தை நான் அங்கேதான் வைத்தேன். தரையில் வேறு இடமே இல்லை.

நிலையம் என்றால் மிர். ரஷ்யர்கள் துண்டு துண்டாக மேலே அனுப்பி, வானத்தில் வைத்தே பூட்டியது. முதலில் போனது நடு அறை. அதன் நுனியில் பந்து மாதிரி ஒரு தலை, தலையைச் சுற்றி வாசல்கள். பத்து வருடத்தில் ஐந்து அறைகள் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. புதிதாக ஒன்றுக்கு இடம் வேண்டுமென்றால் பழையதைக் கழற்றி வேறு வாசலில் மாட்டினார்கள். புது ஆள் வரும்போது நாங்கள் கட்டில்களை நகர்த்துவது போலத்தான். எனக்கு மிர் பைத்தியம் பிடித்ததே இதைப் படித்த அன்றுதான்.

ஞாயிற்றுக்கிழமை காலை தமிழ்ப் பிள்ளைகளின் வார வகுப்பில் மிர் பற்றிப் பேச ஒப்புக்கொண்டிருந்தேன். மாடல் கொண்டுவருகிறேன் என்று வாயையும் விட்டிருந்தேன். போன மாதம் ஒருவர் திரையில் படம் மட்டும் காட்டிப் பேசினார். பாதியிலேயே பிள்ளைகள் எழுந்து விளையாடப் போய்விட்டார்கள். மாடல் இல்லையென்றால் எனக்கும் அதே கதி.

நடு அறைக்கு ஒரு பால்பவுடர் டின். அதன் தலைக்கு ஒரு பிளாஸ்டிக் பந்து. பந்தில் ஓட்டை போட்டு, வளையம் வைத்து, வாசல் வாசலாகச் செய்து முடிக்க மூன்று பந்துகள் பலியாயின. மற்ற அறைகளுக்கு ஆரஞ்சு பவுடர் டப்பாக்கள், பிரிக்காதவை. முடிந்ததும் பரிசாகக் கொடுத்துவிடலாம் என்ற எண்ணம். சூரியத் தகடுகளுக்கு ஃபாயில் ஒட்டிய அட்டை. எல்லாவற்றையும் பிரவுன் டேப்பால் சுற்றினேன்.

சனிக்கிழமை முடிவெட்டிக்கொண்டு திரும்பினால் மிர் இல்லை. இருந்த இடத்தில் கயிறு கட்டிய ஓர் அட்டைப்பெட்டி. அதன்மேல் யாழ்ப்பாணத்து அண்ணை உட்கார்ந்திருந்தார். ஆபீஸில் கிளார்க், ரூமில் பெட்டி கட்டுவதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது.

"அண்ணை, இங்க டின்னெல்லாம் ஒட்டி ஒண்ணு வச்சிருந்தேனே?"

"ஓ, அதுவோ? டேப் சுத்திக் கிடந்தது, பார்சல் எண்டு நினைச்சன். ஆனா ஒட்டினவனுக்குப் பெட்டி கட்டத் தெரியாது தம்பி. அப்பிடியே வைச்சா இடம் காணாது. கழட்டித்தான் வைச்சனான்."

"தகடு?"

"சென்ட் போத்தலுக்குச் சுத்தினனான். உடையாது."

"பந்து?"

"உள்ளுக்குச் சும்மா காத்துத்தானே இருந்தது. பேரீச்சம்பழம் நிரப்பிவிட்டனான்."

ரஷ்யர்களுக்குப் பத்து வருடம் பிடித்ததை அண்ணை ஒரு டீ ஆறுவதற்குள் பிரித்திருந்தார்.

ஊருக்குக் கிளம்புகிறவர் புதுக்கோட்டை அண்ணன், எலக்ட்ரீஷியன். கீழே டாக்ஸி காத்திருந்தது. "இப்பப் பிரிச்சா பிளைட்டு போயிரும் தம்பி. கூட வா. ஏர்போர்ட்ல வெயிட் எப்பவும் கூடும். கூடுனா எடுத்துக்க" என்றார். பெட்டியை யாராவது அலங்கோலமாகப் பிரித்துவிடுவார்கள் என்ற பயத்தில் அண்ணையும் ஏறிக்கொண்டார். அடுத்தவர் பெட்டி எடை கூட வேண்டும் என்று வேண்டிக்கொண்டு ஏர்போர்ட் போன ஒரே ஆள் நானாகத்தான் இருப்பேன்.

வழியில் மிர்ரின் அருமையை விளக்கினேன். உள்ளே ஒருமுறை தீப்பிடித்தது, சரக்குக் கப்பல் வந்து மோதியது, எதற்கும் அசரவில்லை என்றேன். ஒருவர் மேலே இருக்கும்போதே சோவியத் யூனியன் கலைந்துபோனது, அவர் இறங்குவது தள்ளிக்கொண்டே போனது என்றேன்.

புதுக்கோட்டை அண்ணன் முகம் மாறிவிட்டது. "அனுப்பின நாடே இல்லையா? அப்ப அவரு விசாவுக்குப் பொறுப்பான கஃபீல் யாரு?"

"தெரியலண்ணே."

"லீவு கேக்கக்கூட ஆள் இல்லாமப் போச்சே, பாவம்."

எடை கூடித்தான் இருந்தது. அண்ணை தன் முடிச்சுகளைத் தானே அவிழ்த்தார். தையல் பிரிக்கிற நோயாளியின் முகம். ஆரஞ்சு டப்பாக்கள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. கடைசி டப்பாவோடு எடை சரியாகிவிட்டது. உள்ளே மிஞ்சியது பந்துத்தலை வைத்த நடு அறை.

கை நீட்டினேன். புதுக்கோட்டை அண்ணன் பந்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதுலதானா அந்தாளு மாட்டிக்கிட்டது?"

"ஆமாண்ணே. இதே மாதிரி."

"எம் பொண்ணு பொம்மை கேட்டுச்சு தம்பி. வேலைல மறந்தே போயிட்டேன். வாசல்ல நின்னு 'என்னாப்பா வாங்கியாந்த'ம்பா. சோப்பையா நீட்டுறது?"

"குடுத்துவிடு தம்பி" என்றார் அண்ணை. "பேரீச்சம்பழத்தைக் கொட்டினா நான் திரும்பக் கட்ட மாட்டன்."

நீட்டிய கையை மடக்கிக்கொண்டேன். எந்த வாசலில் எந்த அறை என்று மட்டும் புதுக்கோட்டை அண்ணனுக்குச் சொல்லிக்கொடுத்தேன். அவர் "கலாஸ், முடிஞ்சுது, நான் பாத்துக்கறேன்" என்று உள்ளே போய்விட்டார்.

ஞாயிறு காலை, ஐந்து ஆரஞ்சு டப்பாக்களோடும் நடு அறை இல்லாமலும் மேடை ஏறினேன். என்ன செய்வது என்று தெரியவில்லை. நான்தான் நடு அறை என்று அறிவித்தேன். பிள்ளைகள் வரிசையாக வந்து டப்பாக்களை என்மேல் டேப்பால் ஒட்டினார்கள். "அங்கிள், டோண்ட் மூவ், யூ ஆர் இன் ஸ்பேஸ்" என்று ஒருத்தி அதட்டினாள். சரக்குக் கப்பல் மோதிய கதையைச் சொன்னதுதான் தாமதம், ஒருவன் ஓடிவந்து மோதிக் காட்டினான். பந்து விளையாட யாருமே போகவில்லை. மிர்ரைக் கடைசியில் பசிபிக் கடலில் இறக்கினார்கள் என்றதும் எல்லாரும் சேர்ந்து என்னைத் தரையில் இறக்கினார்கள். முழங்கை முடி டேப்போடு போயிற்று.

மறுநாள் புதுக்கோட்டையிலிருந்து ஒரு வீடியோ வந்தது. பந்தின் முதல் வாசலில் டார்ச் லைட். இரண்டாவதில் எவர்சில்வர் டம்ளர். மூன்றாவதில் ஓர் ஆட்டுக்குட்டி மூக்கை நுழைத்துப் பேரீச்சம்பழம் தேடிக்கொண்டிருந்தது. "இன்னும் ரெண்டு வாசல் காலியா இருக்கு, என்ன மாட்டுறதுன்னு மாமாட்ட கேளுப்பா" என்று சிறுமியின் குரல்.

அண்ணையிடம் காட்டினேன். உற்றுப் பார்த்துவிட்டு, "டம்ளரை இன்னும் கொஞ்சம் உள்ளுக்குத் தள்ளச் சொல்லு. இடம் வீணாப் போகுது" என்றார்.